பட்டா நம் கையில். பூட்டு யார் கையில்?

ஐந்து சென்ட் நிலம். கிரயப் பத்திரம் இருக்கிறது. பட்டா இருக்கிறது. வில்லங்கச் சான்றில் ஒரு கீறல் இல்லை. வெள்ளிக்கிழமை வசூலிலும், அயல்நாட்டில் வியர்வை சிந்தும் இளைஞர்கள் அனுப்பிய பணத்திலும் ஊர் கூடி வாங்கிய இடம். அஸ்திவாரம் தோண்டியாகிவிட்டது, கம்பி கட்டியாகிவிட்டது. கான்கிரீட் போடப் போகிற காலையில் ஒரு ஜீப் வந்து நிற்கிறது.

"வேலையை நிறுத்துங்கள். மேலிடத்து உத்தரவு!"

எந்த மேலிடம்? உத்தரவின் எண் என்ன? தேதி என்ன? கையெழுத்துப் போட்டது யார்? காகிதம் எங்கே? பதில் கிடையாது. மேஸ்திரி கரண்டியைக் கழுவி வைத்துவிட்டுப் போகிறார். கம்பி மழையில் துருப்பிடிக்கிறது. இரண்டு வருடம் ஓடிவிடுகிறது.

சகோதரர்களே! இது எந்த ஊர் என்று கேட்காதீர்கள். கள்ளக்குறிச்சியில் படிக்கிறவரும், சங்கராபுரத்தில் படிக்கிறவரும், சின்னசேலத்தில் கடையை எடுத்து வைத்துவிட்டு இரவில் படிக்கிறவரும் தத்தம் பக்கத்து ஊர் என்றுதான் நினைக்கப் போகிறீர்கள். பள்ளிவாசலுக்கு மட்டும் வருகிற வியாதியும் அல்ல இது. ஜெப வீடு கட்டும் கிறிஸ்தவ சகோதரனுக்கும் இதே ஜீப்தான் வருகிறது. மதரஸா, திருமண மண்டபம், சில இடங்களில் வெறும் குடோன் என்று எதைக் கட்டினாலும், கட்டுகிறவர் பெயரைப் பார்த்துவிட்டு ஜீப் கிளம்புகிறது.

சட்டம் என்ன சொல்கிறது? முதலில் இதைத் தெரிந்துகொள்ளுங்கள். தெரியாததால்தான் நம்மை ஒரு வாய் வார்த்தையில் நிறுத்திவிட முடிகிறது.

தமிழ்நாடு ஊராட்சிகள் கட்டட விதிகள் 1997ஆம் ஆண்டு வந்தன. அதன் 4(3) விதி, பொது வழிபாட்டுக்கான கட்டடம் கட்ட மாவட்ட கலெக்டரின் முன் அனுமதி வேண்டும் என்றது. நகராட்சிகளுக்கு 1972 விதிகளிலேயே இதே கட்டுப்பாடு இருந்தது. 2019ல் ஒருங்கிணைந்த வளர்ச்சி மற்றும் கட்டட விதிகள் என்று எல்லாவற்றையும் ஒரே புத்தகமாக்கிய பிறகும், கலெக்டரிடம் தடையில்லாச் சான்று வாங்கி வா என்கிற வாசல் மூடப்படவில்லை.

சரி, அனுமதி கேட்போம். கேட்பதில் நமக்கு வெட்கமில்லை. ஆனால் 1997 விதியை முழுதாகப் படியுங்கள். கலெக்டர் எப்போது மறுக்கலாம்? அந்த இடத்தை அப்படிப் பயன்படுத்துவது பொது அமைதிக்கும் ஒழுங்குக்கும் ஆபத்து விளைவிக்கும் என்று அவர் கருதினால் மறுக்கலாம். நாலு பேர் மனுக் கொடுத்தால் மறுக்கலாம் என்று அதில் இல்லை. எதிர்ப்புத் தெரிவித்து போஸ்டர் ஒட்டினால் மறுக்கலாம் என்றும் இல்லை. பொது ஒழுங்கு என்பது வேறு, சட்டம் ஒழுங்குப் பிரச்சினை என்பது வேறு. முன்னது சிறிய வட்டம், பின்னது அதைச் சுற்றிய பெரிய வட்டம் என்று 1965லேயே ராம் மனோகர் லோகியா வழக்கில் உச்ச நீதிமன்றம் பிரித்துக் காட்டிவிட்டது. தெருவில் இரண்டு பேர் சத்தம் போடுவதெல்லாம் பொது ஒழுங்கு குலைவது ஆகாது.

இன்னொரு தீர்ப்பு. இதைத் தமிழன் ஒருவன்கூட மறக்கக் கூடாது. 1980களின் பிற்பகுதியில் 'ஒரே ஒரு கிராமத்திலே' என்றொரு தமிழ்ப் படம். இடஒதுக்கீட்டுக் கொள்கையை விமர்சித்த படம். அதன் கருத்து நமக்கு உடன்பாடில்லை. படம் ஓடினால் கலவரம் வரும் என்று சொல்லப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றம் தணிக்கைச் சான்றை ரத்து செய்தது. 1989ல் உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது? மிரட்டுகிறவர்களைக் காட்டி உரிமையைப் பறிக்க முடியாது. எதிர்ப்பவர்களை அடக்கி உரிமை உள்ளவனைக் காப்பதுதான் அரசின் வேலை. அதைச் செய்ய முடியவில்லை என்று அரசு கையை விரிக்கக் கூடாது என்றது. எஸ்.ரங்கராஜன் வழக்கு என்று வக்கீலிடம் சொல்லுங்கள், புரிந்துகொள்வார்.

ஒரு சினிமாவுக்கு உள்ள பாதுகாப்பு, அரசியல் சாசனம் 25, 26ஆம் பிரிவுகளில் எழுதித் தந்த வழிபாட்டு உரிமைக்குக் கிடையாதா?

எடுத்தவாய்நத்தம் காட்டிய வழி

நிர்வாகத்தால் முடியாதா? முடியும்! நம் மாவட்டத்திலேயே சாட்சி இருக்கிறது.

சின்னசேலம் பக்கத்தில் எடுத்தவாய்நத்தம். அங்குள்ள வரதராஜப் பெருமாள் கோயிலுக்குள் தலித் மக்களை ஆண்டாண்டு காலமாக விடவில்லை. அதற்கும் இதே 'அமைதி' என்ற சொல்தான் பூட்டாகத் தொங்கியது. 2023 ஜனவரி 2ஆம் தேதி என்ன நடந்தது? மாவட்ட நிர்வாகம் போலீஸைக் குவித்தது. தலித் மக்கள் பூஜைப் பொருட்களோடு முன்வாசல் வழியாக உள்ளே போனார்கள். வானம் இடிந்து விழவில்லை. உரிமை உள்ளவனைத் தடுக்க நிற்கும் அதே போலீஸ், உரிமை உள்ளவனுக்குத் துணையாக நடக்கவும் தெரிந்த போலீஸ்தான். யார் பக்கம் நிற்கச் சொல்கிறீர்கள் என்பதுதான் கேள்வி.

பக்கத்து விழுப்புரம் மாவட்டத்து மேல்பாதியில் நேர் எதிர். 2023 ஜூனில் திரௌபதி அம்மன் கோயிலுக்கு ஆர்.டி.ஓ. சீல் வைத்தார். அடித்தவனும் வெளியே, அடிபட்டவனும் வெளியே! உயர் நீதிமன்றம் தலையிட்டு 2024 மார்ச்சில் பூஜைக்காகக் கதவு திறந்தது. தலித் மக்கள் உள்ளே போய் சாமி கும்பிட 2025 ஏப்ரல் ஆகிவிட்டது. பூட்டுவது எளிது. அதிகாரிக்குப் பூட்டு போட்டால் அன்றைய தலைவலி தீர்ந்தது. பூட்டினால் நஷ்டம் எப்போதும் உரிமை மறுக்கப்பட்டவனுக்குத்தான். மறுத்தவனுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. நம் கம்பியில் ஏறுகிற துருவும் அந்தக் கணக்குத்தான்.

காகிதம் கேட்டவனுக்குத்தான் கோர்ட்

இப்போது கோவைக்கு வாருங்கள். வெள்ளியங்கிரி அடிவாரத்தில் ஈஷா. 2006 முதல் 2014 வரை எழுப்பிய கட்டடங்களுக்கு முன்கூட்டிச் சுற்றுச்சூழல் அனுமதி பெறவில்லை என்று தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் 2021 நவம்பரில் நோட்டீஸ் கொடுத்தது. அவர்கள் ரோட்டில் உட்கார்ந்தார்களா? இல்லை. நோட்டீஸை எடுத்துக்கொண்டு உயர் நீதிமன்றம் போனார்கள். யோகாவும் கல்விதான், கல்விக் கூடங்களுக்கு 2014ல் தந்த விலக்கு எங்களுக்கும் உண்டு என்றார்கள். மத்திய அரசு ஆமாம் போட்டது. 2022 டிசம்பரில் நோட்டீஸ் ரத்து!

மாநில வாரியம் அப்பீல் போனதா? போனது, 637 நாள் தாமதமாக! இவ்வளவு காலம் என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று உச்ச நீதிமன்றமே கேட்டது. 2025 பிப்ரவரி 28ல் அப்பீல் தள்ளுபடி. இந்த வழக்கின் தனிச் சூழலில் சொன்ன தீர்ப்பு இது, சட்டவிரோதக் கட்டடங்களை முறைப்படுத்த யாரும் இதை முன்னுதாரணமாகக் காட்டக் கூடாது என்றும் சேர்த்துச் சொன்னார்கள். அந்தக் கதவு அவர்களோடு சாத்தப்பட்டது!

பொறாமையால் இதைச் சொல்லவில்லை. பெரிய இடத்துக்கு 637 நாள் தூங்கும் அரசு, ஐந்து சென்ட் இடத்துக்குக் காலை ஆறு மணிக்கே விழித்துக்கொள்கிறதே, அதைக் கேட்கிறோம். இன்னொன்றையும் கவனியுங்கள். அவர்கள் கையில் நோட்டீஸ் இருந்தது. நோட்டீஸ் இருந்ததால் அதை ரத்து செய் என்று கேட்க முடிந்தது. நமக்கு நோட்டீஸே தருவதில்லை! காற்றில் வந்த வார்த்தையை எந்த நீதிபதியிடம் கொண்டு போய் ரத்து செய்யச் சொல்வது? வாய் உத்தரவின் சூட்சுமமே அங்கேதான் இருக்கிறது.

எழுத்தில் வாங்குவதால் இன்னொரு நன்மை. உத்தரவில் என்ன காரணம் எழுதியிருக்கிறதோ அதோடுதான் அது நிற்க வேண்டும்; வழக்கு வந்த பிறகு புதுப்புதுக் காரணங்களைப் பிரமாணப் பத்திரத்தில் ஒட்டவைக்க முடியாது என்று 1977ல் மொகிந்தர் சிங் கில் வழக்கில் சொல்லியாயிற்று. அன்று அரை வரியில் எழுதிக் கொடுத்த அதிகாரிக்கு நாளை அந்த அரை வரிதான் மிச்சம்.

சொத்துரிமை 1978ல் 44ஆவது திருத்தத்தோடு அடிப்படை உரிமைகள் பட்டியலிலிருந்து போய்விட்டது, இனி அரசு வைத்ததுதான் சட்டம் என்று சில பேர் வியாக்கியானம் செய்கிறார்கள். தவறு. 300ஏ பிரிவு இருக்கிறது. 2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில், அந்தப் பிரிவுக்குள் ஏழு உரிமைகள் அடங்கியிருக்கின்றன என்று உச்ச நீதிமன்றம் எண்ணிக் காட்டியது. நோட்டீஸ் பெறும் உரிமை, ஆட்சேபனை சொல்லும் உரிமை, காரணத்தோடு முடிவைக் கேட்கும் உரிமை ஆகியவை அதில் முதல் வரிசை. அது நிலம் எடுப்பு வழக்கு என்றாலும், காரணம் சொல்லாமல் ஒருவன் சொத்தில் கை வைக்காதே என்பதுதான் அதன் சாரம். அதே ஆண்டு நவம்பர் 13ல் புல்டோசர் வழக்கின் தீர்ப்பு. இடிக்கும் முன் 15 நாள் நோட்டீஸ், நேரில் விசாரணை, காரணம் எழுதிய உத்தரவு, இடிப்பதை வீடியோ எடுப்பது. மீறினால் திருப்பிக் கட்டும் செலவு அதிகாரியின் சொந்தப் பணத்தில்! சாலை, நடைபாதை, நீர்நிலை போன்ற பொது இடத்து ஆக்கிரமிப்புக்கு இந்தப் பாதுகாப்பு கிடையாது என்பதையும் சேர்த்தே படியுங்கள்.

2009ல் உச்ச நீதிமன்றம் போட்ட ஓர் உத்தரவை அதிகாரிகள் அடிக்கடி நீட்டுவார்கள். தெரு, பூங்கா போன்ற பொது இடங்களில் புதிதாக வழிபாட்டுத் தலம் எழுப்ப விடாதே என்பது அது. பொது இடம்! உங்கள் பட்டா நிலம் பொது இடம் அல்ல. அந்த உத்தரவைக் காட்டினால் அச்சப்படாமல் பத்திரத்தைக் காட்டுங்கள்.

கலெக்டர் அலுவலகக் கட்டடம் மட்டும் கேள்விக்கு அப்பாற்பட்டதா? 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டம் ஆனது. கலெக்டரேட் கட்ட வீரசோழபுரம் அர்த்தநாரீஸ்வரர் கோயில் நிலத்தைக் குறித்தார்கள். அந்த நிலத்தைக் கொடுத்த முறை சரியில்லை என்று வழக்கு. அரசாங்கம் உயர் நீதிமன்றத்தில் நின்று பதில் சொல்ல வேண்டியதாயிற்று. கோயில் சொத்துக்காக ஒருவர் மனுப் போட்டு அரசின் கட்டடத்தையே கேள்வி கேட்க முடிகிற நாட்டில், நாம் ஏன் ஓர் இன்ஸ்பெக்டரிடம் கேள்வி கேட்க நடுங்குகிறோம்?

அமைதிக் கூட்டம் என்னும் பொறி

ஜமாஅத் நிர்வாகிகளே, இந்தப் பகுதி உங்களுக்கு.

வேலை நின்றதும் தாசில்தார் அலுவலகத்தில் 'அமைதிப் பேச்சுவார்த்தை' என்று கூப்பிடுவார்கள். டீ, பிஸ்கட் வரும். "ஊர் நல்லா இருக்கணும் பாய், கொஞ்சம் விட்டுக்கொடுங்க" என்று தோளில் கை போடுவார்கள். கடைசியில் ஒரு தாளை நீட்டுவார்கள். 'இரு தரப்பும் மறு உத்தரவு வரை கட்டுமானம் செய்வதில்லை என ஒப்புக்கொள்ளப்பட்டது.' முத்தவல்லி கையெழுத்துப் போடுவார். மனதில் பயம் ஒன்றுமில்லை, பெருந்தன்மைதான்.

இரு தரப்பா? கட்டுகிறவர் ஒரே தரப்புதானே! எதிர்த் தரப்பு எதைக் கட்டாமல் விட்டுக்கொடுத்தது? அந்தத் தாள் நாளை உயர் நீதிமன்றத்தில் அரசு வக்கீல் கையில் இருக்கும். "மை லார்ட், இவர்களே ஒப்புக்கொண்டார்கள்!" அதோடு நம் வழக்கு நொண்டியாகிவிடும்.

ஒரு நிலத்தின் சிவில் உரிமையைத் தீர்மானிக்கும் அதிகாரம் தாசில்தாருக்குக் கிடையாது. கூட்டத்துக்குப் போங்கள். மரியாதையாகப் பேசுங்கள். அண்டை வீட்டுக்காரரின் குறை நியாயமானது என்றால், வாகனம் நிறுத்த இடம், ஒலிபெருக்கியின் சத்தம், சாக்கடை போகும் வழி என்று எதைக் கேட்டாலும் அங்கேயே தீர்த்துக் கொடுங்கள். அண்டை வீட்டாரின் உரிமையை நமக்குச் சொல்லிக்கொடுக்க வேறொருவர் வேண்டியதில்லை. ஆனால் கட்டமாட்டோம் என்று மட்டும் எழுதிக் கொடுக்காதீர்கள். எங்கள் உரிமையை விட்டுத்தராமல் கலந்துகொண்டோம் என்று ஒரு வரி எழுதி, அதன் கீழே கையெழுத்துப் போடுங்கள்.

நம் பக்கத்து ஓட்டைகள்

கசப்பாக இருந்தாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். சென்னை கோயம்பேடு மஸ்ஜிதே ஹிதாயா என்ன ஆனது? நிலம் சி.எம்.டி.ஏ.வுடையது, கட்டட வரைபடத்துக்கு விண்ணப்பமே போடவில்லை, நோட்டீஸ் வந்த பிறகும் கட்டிக்கொண்டே போனார்கள் என்று உயர் நீதிமன்றம் 2023 நவம்பரில் அகற்றச் சொன்னது. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. திருப்பூர் வேலம்பாளையத்தில் 2022ல் பள்ளிவாசலுக்கு சீல் வைக்க நீதிமன்ற உத்தரவோடு வந்தபோது மறியல் நடந்தது. அன்றைக்குத் தடுத்தோம். ஆனால் கோர்ட் உத்தரவை மறியலால் எத்தனை நாள் தள்ளிப்போட முடியும்?

வீடு என்று வரைபடம் வாங்கி பள்ளிவாசல் கட்டுவது, குடோன் என்று அனுமதி வாங்கி மதரஸா நடத்துவது, எம்.எல்.ஏ. சொல்லிவிட்டார் என்று அஸ்திவாரம் போடுவது! எல்லா எம்.எல்.ஏ.வும் சொல்வார். தேர்தலுக்குப் பிறகு போன் எடுக்க மாட்டார். பயன்பாட்டை மாற்ற அனுமதி கேட்கப் போனால் என்ன நடக்கும் என்பதற்குக் கேரளத்து நிலம்பூர் இருக்கிறது. வணிகக் கட்டடம் ஒன்றைப் பள்ளிவாசலாக்க அனுமதி மறுக்கப்பட்டது. ஐந்து கிலோமீட்டர் சுற்றளவில் 36 பள்ளிகள் ஏற்கனவே உள்ளன என்றது நிர்வாகத்தின் அறிக்கை. 2022 ஆகஸ்டில் கேரள உயர் நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்டது. எத்தனை பள்ளி போதும் என்று கணக்குப் போடுவது கலெக்டரின் வேலை அல்ல என்பதே எமது கருத்து. எங்கோ ஐந்து கிலோமீட்டரில் இருக்கும் பள்ளிக்கு ஃபஜ்ர் தொழுகைக்கு முதியவர் எப்படி நடப்பார்? ஆனால் தீர்ப்பு தீர்ப்புதான். எதிர் வக்கீல் அதைக் கையில் வைத்திருப்பார். ஆகவே தேவையை எழுத்தில் நிறுவுங்கள். எத்தனை குடும்பம், அருகில் உள்ள பள்ளி எவ்வளவு தூரம், நடுவில் நெடுஞ்சாலை உண்டா என்பதெல்லாம் முதல் மனுவிலேயே இருக்க வேண்டும்.

மலைக்கு மேலே வேறு கணக்கு

வியாபாரிகளே, கல்வராயன் மலையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். புளியும் கடுக்காயும் தேனும் வாங்க வெள்ளிமலைக்கும் கரியாலூருக்கும் ஏறி இறங்குகிறீர்கள். கூட்டம் வர ஆரம்பித்த இடத்தில் ஒரு குடோன், ஒரு விடுதி போடலாமே என்று ஆசை வரும். இடத்தரகர் மலிவாகப் பேசுவார்.

அந்த மலையின் சரித்திரம் தெரியுமா? ஜாகிர்தார்களின் பிடியில் வெட்டி வேலை செய்து கிடந்த மக்கள் அவர்கள். 1976ல்தான் அந்த ஆட்சி முடிந்தது. நாடு சுதந்திரமடைந்து 29 வருடம் கழித்து! 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் விஷச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்த பிறகுதான், மலையில் ரோடு உண்டா, ஆஸ்பத்திரி உண்டா என்று உயர் நீதிமன்றம் தானாக வழக்கெடுத்துக் கேட்டது. அங்கே மலையாளிப் பழங்குடியினருக்கு நிபந்தனையோடு ஒப்படைத்த நிலத்தை வெளியார் வாங்கக் கூடாது. பினாமி பெயரில் வாங்கிக் கட்டிவிட்டு, வருவாய்த்துறை தடுத்தால் "முஸ்லிம் என்பதால் தடுக்கிறார்கள்" என்று இயக்க அலுவலகத்துக்கு ஓடி வராதீர்கள். அந்தத் தடை நியாயமான தடை. ஏழையின் நிலத்தை ஏமாற்றி எடுத்ததற்கு இயக்கம் வக்காலத்து வாங்காது!

அதே மலையில், அப்பன் பாட்டன் உழுத இடத்தில் பழங்குடிச் சகோதரன் ஒரு வீட்டுக்குக் கல் இறக்கி, அதை வனத்துறை தடுத்தால் அவன் பக்கம் நில்லுங்கள். 2006 வன உரிமைச் சட்டத்தின் 4(5) பிரிவு, உரிமை கோரிக்கையைப் பரிசீலித்து முடிக்கும் வரை அவனை வெளியேற்றக் கூடாது என்கிறது. அவனுக்கு அதைச் சொல்ல ஆள் இல்லை. உங்களிடம் கடை இருக்கிறது, போன் இருக்கிறது, தெரிந்த வக்கீல் இருக்கிறார்.

நாளைக் காலையில் என்ன செய்வது?

ஜீப் வந்தால் வாக்குவாதம் வேண்டாம். உத்தரவை எழுத்தில் கேளுங்கள். தர மறுத்தால் அன்றே ஒரு கடிதம். இன்ன தேதி, இன்ன நேரம், இன்ன அதிகாரி வாய்மொழியாக வேலையை நிறுத்தினார், காரணத்தை எழுத்தில் தரவும் என்று கலெக்டருக்கும் எஸ்.பி.க்கும் ஒப்புகையோடு தபாலில் அனுப்புங்கள். அந்த ரசீதுதான் நாளைய ரிட் மனுவின் முதல் பக்கம். சட்டத்தின் துணையின்றி குறுக்கிடாதே என்று உத்தரவிடுமாறு 226ஆவது பிரிவில் உயர் நீதிமன்றத்தைக் கேட்கலாம். கள்ளக்குறிச்சி மாவட்டத்துக்குச் சென்னைதான், மதுரைக் கிளை அல்ல. மதுரைக்குப் பஸ் ஏறிவிடாதீர்கள்.

யார் மனுக் கொடுத்தார்கள், இன்ஸ்பெக்டர் என்ன அறிக்கை எழுதினார், வி.ஏ.ஓ. என்ன எழுதினார் என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். 'ஆட்சேபனை உள்ளது' என்ற இரண்டே வார்த்தைக்குப் பின்னால் எத்தனை பேர், எந்த ஊர்க்காரர்கள் என்பது அப்போது வெளிச்சத்துக்கு வரும். எழுத்தில் தடை வந்தால், 1971 நகர் ஊரமைப்புச் சட்டத்தின் எந்தப் பிரிவில் வந்தது என்று பாருங்கள். 57ஆவது பிரிவு அனுமதியில்லாக் கட்டுமானத்தை நிறுத்துவதற்கானது. அனுமதிக்கு விண்ணப்பித்து மாதக்கணக்கில் பதிலே வரவில்லை என்றால், முடிவெடுக்கச் சொல்லிக் காலக்கெடு விதிக்குமாறு கோர்ட்டை நாடுங்கள். கலெக்டர் மறுக்கட்டும், காரணத்தோடு மறுக்கட்டும். மறுப்புத் தாளும் நமக்கு ஆயுதம்தான். பதிலில்லாத மௌனம்தான் நம்மைக் கொல்கிறது.

இளைஞர்களே, ஒவ்வோர் ஊர் ஜமாஅத்திலும் பத்திரம், பட்டா, புல வரைபடம், வரி ரசீது எல்லாம் யாரோ ஒரு பெரியவரின் இரும்புப் பெட்டியில் இருக்கும். அவர் மவுத்தானால் சாவி எங்கே என்று தேடுவோம். இந்த வாரமே உட்கார்ந்து மூன்று நகல் எடுங்கள். நிலம் தனி நபர் பெயரில் இருந்தால், வாரிசுகள் தகராறு செய்யும் முன் முறைப்படி எழுதி வாங்குங்கள். வியாபாரிகளே, பள்ளிக்கு டைல்ஸ் தருகிறேன், ஏ.சி. தருகிறேன் என்று முன்வருகிறீர்களே, அல்லாஹ் கூலி தருவான். வக்கீல் கட்டணம் தருகிறேன் என்று சொல்ல ஏன் ஒருவர்கூட எழுந்திருப்பதில்லை? அதற்குப் பெயர்ப் பலகை வைக்க முடியாது என்பதாலா?

திங்கட்கிழமைதோறும் கலெக்டர் அலுவலகத்தில் மனு வாங்குகிறார்கள். துருப்பிடித்த கம்பியோடு காத்திருக்கும் ஜமாஅத்துகள் அடுத்த திங்களே போங்கள். கூட்டமாக வேண்டாம், மூன்று பேர் போதும். பத்திர நகலும் வரைபடமும் முதல் விண்ணப்பத்தின் ரசீதும் கையில் இருக்கட்டும். மனுவுக்கு எண் போட்ட சீட்டு வாங்காமல் அந்த வாசலை விட்டு இறங்காதீர்கள்.